செமாராங் – சோலோ பேருந்தில் கேட்ட பாட்டு: உங்களுக்கும் இப்படி நேர்ந்ததுண்டா?

தறிக்காரன்:
2018-இல் ஒரு சனிக்கிழமை இரவு இந்தோனேசியாவின் ஜாவாத் தீவில் செமாராங்கிலிருந்து சோலோ சென்ற பேருந்தில் ஒரு பெங்காமென் (தெருப்பாடகர்) ஏறி, சிறிய கித்தாரை மீட்டியபடி ஜாவா மொழிப் பாடகர் டிடி கெம்போட்டின் ‘ஸ்டாசியுன் பாலாபான்’ பாடினார். சோலோ ரயில் நிலையத்தில் விடைபெற்றுப் போனவர் சொன்னபடி திரும்பாத கதை அது. ஆலைச் சீருடையோடு என் பக்கத்து இருக்கையில் தூங்குவதாக நான் நினைத்திருந்த பெண், கண்ணைத் திறக்காமலேயே இரண்டாம் அடியிலிருந்து சேர்ந்து பாடினார். பிறகு பேருந்தே பாடியது. இறங்கும்போது அந்தப் பெண் பாடகருக்கு இரண்டாயிரம் ரூபியா கொடுத்தார். நானோ அந்தப் பாடகரின் முகத்தைக்கூடப் பார்க்காமல் கையசைத்து அனுப்பிவிட்டேன். டாங்டுட் என்னும் இந்தோனேசிய மக்களிசைக்கு இவ்வளவு பிடிப்பு உண்டென்று அன்றுதான் கண்டேன்.

கடலோடி:
நண்பர் அதை டாங்டுட் என்பதை ஏற்க முடியவில்லை. கெம்போட் பாடியது சம்பூர்சாரி. கமெலான் என்னும் வெண்கல வாத்தியக் குழு இசையும், கெரொன்சோங் என்னும் தந்திக் கருவி மெல்லிசையும், நவீனக் கருவிகளும் கலந்த ஜாவா மொழிப் பாட்டு. அவர் தெருவில் பாடி வளர்ந்தவர். கெம்போட் என்ற பெயரே ‘நடைபாதைப் பாடகர் குழு’ என்பதற்கான இந்தோனேசியச் சொற்களின் சுருக்கம். டாங்டுட்டோ மலாய் இசையும் இந்தித் திரைப்பாட்டும் சேர்ந்து பிறந்து, மேளத்தின் ஒலியால் பெயர் பெற்றது. கிழக்கு ஜாவாவில் அது வேகமெடுத்துக் கோப்லோ ஆனது. அங்கே சிடோவார்ஜோவில் என்னோடு கப்பலில் இருந்தவர் வீட்டுத் திருமணத்தில், துறைமுகச் சுமைதூக்கி ஒருவர் மேடையேறி, பாடகியிடம் ஒவ்வொரு தாளாக நீட்டியபடி, சட்டைப்பை காலியாகும்வரை ஆடினார். இறங்கும்போது அவர் முகத்திலிருந்த நிறைவு எனக்கு இன்னும் புரியவில்லை.

விக்டோரியா பூங்கா:
கடலோடி வகை பிரிப்பதில் தவறில்லை. ஆனால் கெம்போட்டின் பாட்டையே கோப்லோ தாளத்தில் வாசிக்கும் கல்யாண மேடைகளில் அந்தக் கோடு நிற்பதில்லை.

ஹாங்காங்கில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, இந்தோனேசிய வீட்டுப் பணிப்பெண்கள் விரிப்பு விரித்து அமர்ந்திருந்த இடத்தில், மேற்கு ஜாவாவின் இந்திராமாயுக்காரர் ஒருவர் கைபேசியில் தார்லிங் (கித்தாரும் புல்லாங்குழலும் சேர்ந்த அவ்வூர்ப் பக்கத்துப் பாட்டு) கேட்டுக்கொண்டிருந்தார். ஊரிலிருந்து மகன் அழைத்ததும் பாட்டை நிறுத்தினார். பேசி முடித்ததும் விட்ட இடத்திலிருந்து கேட்காமல், முதலிலிருந்து மறுபடி ஓடவிட்டார்.

தறிக்காரனுக்கு ஒரு யோசனை. ஜாவாவில் பேருந்து ஏறினால் ஆயிரம், இரண்டாயிரம் ரூபியாத் தாள்களைச் சட்டைப்பையில் தனியாக வைத்துக்கொள்ளுங்கள். கொடுக்கும்போது வலக்கையால் கொடுங்கள். கொடுக்க விருப்பமில்லையென்றால் ‘மாஃப்’ (மன்னிக்கவும்) என்று முகம் பார்த்துச் சொல்லுங்கள். அதை அவர்கள் மரியாதையாகவே எடுத்துக்கொள்வார்கள். கல்யாண வீட்டில் சாவேரான், அதாவது பாடகிக்கு ஆடியபடி தரும் அன்பளிப்புப் பணம், கொடுக்க நினைத்தால், வீட்டார் அழைக்கும்வரை மேடையேற வேண்டாம். பணத்தைப் பாடகியின் கையில் மட்டுமே கொடுங்கள், உடையில் செருக முயல்பவர்களைப் பின்பற்றாதீர்கள். பாட்டு புரியவில்லை என்றால் பக்கத்தில் இருப்பவரிடம் பொருள் கேளுங்கள். கேட்டவர்களிடம் அவர்கள் தங்கள் கதையையும் சேர்த்தே சொல்வார்கள்.

தறிக்காரன்:
கடலோடி சொன்ன திருத்தம் சரியே. 2020 மே 5 அன்று கெம்போட் காலமான செய்தியைப் படித்தபோது, அந்தப் பெண்ணிடம் பொருள் கேட்டிருக்கலாம் என்றுதான் முதலில் தோன்றியது.