மிசுகி ஷிகெருவின் ஊரில் கண்டதும் வாசித்ததும்

ஜப்பானியச் சித்திரக்கதைக் கலைஞர் மிசுகி ஷிகெருவின் போர்க்காலச் சித்திரக்கதையை முன்பே வாசித்திருந்ததால், அவர் வளர்ந்த சகாயிமினாதோ ஊரின் வேடிக்கைகளை என்னால் வெறும் வேடிக்கையாகப் பார்க்க இயலவில்லை. ஜப்பானின் தொத்தோரி மாகாணத்துக் கடலோரச் சிற்றூர் அது. யொனாகோ நகரிலிருந்து செல்லும் சிறு ரயிலின் மேலெல்லாம் அவருடைய பாத்திரங்களை வரைந்திருக்கிறார்கள். இறங்கியதும், அவர் பெயர் தாங்கிய தெருவின் இருமருங்கிலும் 170க்கும் மேற்பட்ட வெண்கலச் சிலைகள். அவற்றுள் பெரும்பாலானவை ‘யோகாய்’ எனப்படும் நாட்டார் பேய்களின் சிறிய உருவங்கள். தெருவிளக்குகூடக் கண்விழி வடிவில்தான் இருக்கிறது. அவருடைய கதைநாயகனான சிறுவன் கிதாரோவின் தந்தை வெறும் கண்விழியாக எஞ்சி, கிண்ணத்தில் அமர்ந்து வெந்நீரில் குளிப்பவர் என்பதை அறிந்தவர்களுக்குச் சிரிப்பு வந்துவிடும்.

இந்தப் பேய்களையெல்லாம் சிறுவயதில் அவருக்கு அறிமுகப்படுத்தியவர் நோன்னோன்பா என்று அழைக்கப்பட்ட ஏழை மூதாட்டி. ஆனால் மிசுகியின் சித்திரக் கோடுகளை உருவாக்கியது போர் என்றே எனக்குத் தோன்றுகிறது. 1922இல் பிறந்த அவர், இரண்டாம் உலகப் போரில் இளம் சிப்பாயாகப் பசிபிக் கடலின் நியூ பிரிட்டன் தீவுக்கு அனுப்பப்பட்டு, மலேரியாவில் கிடந்தபோது நடந்த குண்டுவீச்சில் இடக்கையை இழந்தார். தீவின் தொலாய் மக்களோ அவரைத் தங்களில் ஒருவராகவே நடத்தினார்கள். ஊர் திரும்பியபின் வாடகை நூலகங்களுக்காக வறுமையில் வரைந்ததெல்லாம் எஞ்சிய ஒரு கையால்தான்.

1973இல் வெளிவந்த அந்தப் போர்க்கதையில், காட்டின் ஒவ்வோர் இலையையும் புள்ளியும் கோடுமாக இழைத்திருப்பவர், சிப்பாய்களின் முகங்களுக்கு மட்டும் நான்கைந்து கோடுகளோடு நிறுத்திக்கொள்கிறார். பசியைப் பற்றிப் புலம்பி, மேலதிகாரியிடம் அறை வாங்கும் அந்தக் கேலிச்சித்திர மனிதர்கள், கடைசிப் பக்கங்களில் பிணங்களாகக் கிடக்கும்போதுதான் காட்டைப் போலவே நுணுக்கமாக, நிழற்படத்தின் துல்லியத்தோடு வரையப்படுகிறார்கள். பலரும் இதைப் பாணி என்று சொல்லிக் கடந்துவிடுகிறார்கள். எனக்கு அது குற்றச்சாட்டாகவே படுகிறது.

அவரிடம் கசப்பு மட்டுமே இருந்ததாக எண்ண வேண்டாம். கண்விழித்து உழைப்பதைப் பெருமையாகப் பேசிய சக சித்திரக்கதைக் கலைஞர்கள் தெசுகா ஒசாமுவும் இஷினோமோரி ஷோதாரோவும் அறுபது வயதிலேயே மறைந்ததைச் சொல்லி, உறக்கத்தின் மகிமையை ஒரு குறுங்கதையாகவே வரைந்தவர் அவர். தாம் 93 வயதுவரை, 2015 நவம்பர்வரை வாழ்ந்தார். புதிதாக வாசிப்பவர்கள் போர்க்கதையைப் பிறகு எடுத்துக்கொண்டு, மூதாட்டியின் பெயரிலேயே அமைந்த நூலிலிருந்து தொடங்கலாம். 2007இல் பிரான்சின் அங்குலேம் சித்திரக்கதை விழாவில் சிறந்த நூலுக்கான விருதைப் பெற்ற முதல் மங்கா, அதாவது ஜப்பானியச் சித்திரக்கதை, அதுதான்.