அம்பையிலிருந்து பாளைக்கு வந்தாச்சு, முகவரி மாற்ற வழி என்ன?

கேள்வி:
அம்பாசமுத்திரம் வீட்டைக் காலி செய்து, பாளையங்கோட்டையில் மகனோடு வந்துவிட்டோம். தீர்வை ரசீது, கரண்ட் பில் எல்லாம் அவன் பெயரில். என் பெயரில் ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. ஆதார், ரேஷன், ஓட்டு மூன்றும் இன்னும் அம்பையில்தான். எதிலிருந்து ஆரம்பிக்க, அண்ணாச்சிமாரே?

பதில் 1:
முதலில் ஆதார், அண்ணாச்சி. குடும்பத் தலைவர் வழியாக முகவரி மாற்றும் வசதி 2023 முதல் இணையத்திலேயே இருக்கிறது. குடும்பத் தலைவர் என்ற இடத்தில் மகனுடைய ஆதார் எண்ணைக் கொடுங்கள். உறவுக்குச் சான்றாக ரேஷன் அட்டையோ பாஸ்போர்ட்டோ, இருவர் பெயரும் உள்ளது போதும். அதுவும் இல்லையென்றால் மகனே உறுதிமொழிப் படிவம் கொடுக்கலாம். 30 நாளைக்குள் அவர் தன் ஆதார் இணையக் கணக்கில் போய்ச் சம்மதம் சொல்லவேண்டும். பிள்ளைகளை அதைச் செய்ய வைப்பதுதான் பெரும்பாடு!

பதில் 2:
ஓட்டுக்குப் படிவம் 8. தொகுதி மாறினாலும் அதேதான். படிவம் 6 புதிதாகச் சேர்பவர்களுக்கு.

கேட்டவர்:
சரி, ரேஷன்?

பதில் 1:
தனி அடுப்பு என்றால் பழைய அட்டையிலேயே முகவரியை மாற்றுங்கள். மகன் அட்டையில் சேர்வதானால் பழையதில் பெயர் நீக்கிய பிறகுதான் சேர்ப்பார்கள். மதினியிடமும் கேட்டுக்கொண்டு முடிவு செய்யுங்கள்.