தாமாகவே நடந்து விளையாடும் நகரப் புதிர் ஆட்டம்: எத்தனை நிறுத்தம் வைக்கலாம், விடையை எப்படிச் சரிபார்ப்பது?

புதிர்வழி (கேள்வி):

வணக்கம். நகரத்தின் பழைய பகுதியைச் சுற்றிப் பார்க்க ஒரு புதிர் ஆட்டம் தயார் செய்கிறேன். கூடவே வழிகாட்டி யாரும் வரமாட்டார்கள். 3 முதல் 5 பேர் சேர்ந்து எந்த நேரமும் தொடங்கலாம். ஒரு நிறுத்தத்தின் விடைதான் அடுத்த நிறுத்தத்தைக் காட்டும். இப்போதைய திட்டம் 3.5 கி.மீ., 14 நிறுத்தங்கள், இரண்டு மணி நேரம். கையில் அச்சிட்ட கையேடு, விடையை அடிக்க ஒரு இணையப் பக்கம்.

வெள்ளோட்டத்தில் முதல் குழு 9ஆவது நிறுத்தத்துக்கு வரும்போதே இரண்டு மணி நேரம் முடிந்துவிட்டது, அங்கேயே விட்டுவிட்டார்கள். இரண்டாவது குழு ‘கொடிக்கம்பம்’ என்று சரியாகத்தான் அடித்தது, பக்கம் ‘தவறு’ என்றது. படிக்கட்டை எண்ணச் சொன்ன இடத்தில் ஒருவர் 11 என்கிறார், மற்றவர் 12 என்கிறார், 13உம் வந்தது.

தூரத்தைக் குறைப்பதா, புதிரை எளிதாக்குவதா? ஜிபிஎஸ் வைத்து நிறுத்தங்களைத் திறக்கலாமா, இல்லை க்யூஆர் கோடு ஒட்டுவது நல்லதா?

திசைகாட்டி:

கணக்குப் போட்டால் உங்கள் முதல் குழு மேல் குறையே இல்லை. தனியாக நடப்பவர் மணிக்கு 5 கி.மீ. போவார். கையேட்டைப் பார்த்துக்கொண்டு, பேசிக்கொண்டு, தெருவைக் கடக்கக் காத்திருந்து நடக்கும் குழுவுக்கு 3 கி.மீ. என்றுதான் வைக்க வேண்டும். 3.5 கி.மீ.க்கு 70 நிமிடம். ஒரு நிறுத்தத்துக்கு ஏழரை நிமிடம் என்றால் 14 நிறுத்தங்களுக்கு 105 நிமிடம். மொத்தம் கிட்டத்தட்ட மூன்று மணி நேரம். 9ஆவது நிறுத்தத்தில் இரண்டு மணி நேரம் என்பது அந்தக் கணக்கோடு கிட்டத்தட்ட ஒத்துப்போகிறது.

2 கி.மீ., 8 நிறுத்தங்கள் என்று வையுங்கள். நடைக்கு 40 நிமிடம், நிறுத்தத்துக்கு எட்டு நிமிடம் வீதம் 64. மீதி கால் மணி நேரம் தண்ணீர் குடிக்க, வழி தவறித் திரும்பி வர. நிறுத்தங்களுக்கு இடையே 150 முதல் 300 மீட்டர் நல்லது. 400 மீட்டரைத் தாண்டினால் ‘வழி தவறிவிட்டோமோ’ என்று திரும்பி நடக்கத் தொடங்குவார்கள். முதல் இரண்டு நிறுத்தங்கள் பக்கத்திலேயே, எளிதாக இருக்கட்டும். அங்கேதான் ஆட்டத்தின் பாஷையைக் கற்றுக்கொள்கிறார்கள். முடிவிடம் தொடங்கிய இடத்துக்கு அருகிலேயே வந்து சேரட்டும்.

எந்த ஆறு நிறுத்தங்களை வெட்டுவது என்பதற்கு ஒரு சோதனை உண்டு. அந்த இடத்துக்குப் போகாமல் கையேட்டை மட்டும் வைத்து விடை கண்டுபிடிக்க முடியுமா? முடியும் என்றால் அந்தப் புதிருக்கு அந்த இடம் தேவையே இல்லை, அதை முதலில் வெட்டுங்கள். சுவர் ஓரமாக நின்று சுடோக்கு போட வைப்பதற்கு நகரம் எதற்கு?

நிமிர்ந்து பார்க்க வைக்கும் புதிர் எப்படி இருக்கும் என்பதற்கு மணிக்கூண்டு நல்ல உதாரணம். ரோமன் எண் முகப்புள்ள பழைய கடிகாரங்கள் பலவற்றில் 4 என்பது ஐந்துக்கு முன் ஒரு கோடாக இருக்காது. நான்கு கோடுகளாகவே இருக்கும். ‘பன்னிரண்டு எண்களிலும் சேர்த்து ஒன்றைக் குறிக்கும் கோடுகள் எத்தனை?’ என்று கேளுங்கள். புத்தகத்தில் படித்த ரோமன் எண்களை மனதில் வைத்து எண்ணுபவருக்கு 17 வரும். அண்ணாந்து பார்த்து எண்ணுபவருக்கு 20 வரும். அந்த மூன்று கோடுகளில்தான் ஆட்டமே இருக்கிறது. உங்கள் கடிகாரத்தில் எந்த முறை என்று மட்டும் நேரில் பார்த்து உறுதி செய்துகொள்ளுங்கள்.

எழுத்தெண்ணி:

‘கொடிக்கம்பம்’ விஷயத்துக்கு மட்டும் பதில் சொல்றேன், இது தமிழ்ல ஆட்டம் பண்ற எல்லாருக்கும் வர்ற பிரச்சினை.

‘கொ’ங்கிற எழுத்தை யூனிகோடுல (கம்ப்யூட்டர் எழுத்துகளைச் சேமிக்கிற பொது முறை) ரெண்டு விதமா அடிக்கலாம். ககரத்துக்குப் பிறகு ஒகரக் குறி ஒரே துண்டா வரலாம். இல்லைன்னா ஒற்றைக்கொம்பு தனியா, கால் தனியா ரெண்டு துண்டா வரலாம். திரையில ரெண்டும் ஒண்ணுதான், கம்ப்யூட்டருக்கு ஒண்ணு இல்லை. மனுஷக் கணக்குல கொடிக்கம்பம் 7 எழுத்து. கம்ப்யூட்டர் கணக்குல 12 குறிகள், கொம்பும் காலும் பிரிஞ்சு வந்தா 13. அதனாலதான் ‘தவறு’ன்னு சொல்லுது. ஒப்பிடுறதுக்கு முன்னாடி ரெண்டு பக்கத்தையும் யூனிகோடு நார்மலைசேஷன் (ரெண்டு விதமா வர்றதை ஒரே வடிவத்துக்குக் கொண்டுவர்றது) பண்ணுங்க. பெரும்பாலான நிரல்மொழிகள்ல ஒரே வரி வேலை.

ஆனா அது எல்லாத்தையும் தீர்க்காது. ‘கௌ’வை ஔகாரக் குறியால அடிக்காம, ஒற்றைக்கொம்பு போட்டுப் பக்கத்துல ளகரத்தையே அடிக்கிறவங்க நிறைய. அது வேற எழுத்து, நார்மலைசேஷன் தொடாது. ‘ஸ்ரீ’யும் அப்படித்தான்: தொடக்கத்துல வர்றது ஸகரமா ஶகரமான்னு ரெண்டு வடிவம் புழக்கத்துல இருக்கு, பார்த்தா வித்தியாசம் தெரியாது. அப்புறம், போன் விசைப்பலகை சொல்லை ஊகிச்சுத் தந்தா கடைசியில ஒரு இடைவெளியையும் சேர்த்துப் போடும். முன்னும் பின்னும் இருக்கிற இடைவெளியை வெட்டிடுங்க. ர/ற, ன/ண மாறின வடிவங்களையும் சரின்னு எடுத்துக்கணும், இது எழுத்துத் தேர்வு இல்லை.

இதையெல்லாம் விட நல்ல வழி, விடையை எண்ணா மாத்திடறது. சொல்லையே கேட்கணும்னா ‘எத்தனையாவது எழுத்து’ன்னு கேட்கும்போது புள்ளி வைச்ச எழுத்தும் தனி எழுத்துதான்னு கையேட்டு முதல் பக்கத்துலயே எழுதிடுங்க. பாதிப் பேர் மெய்யெழுத்தை விட்டுட்டு எண்ணுவாங்க.

மறைகுறியீடு (எழுத்தை மாத்தி எழுதி அவிழ்க்கச் சொல்ற புதிர்) வைக்கிறதா இருந்தா, 247 எழுத்தையும் வரிசையா நகர்த்தச் சொல்லாதீங்க. க, ங, ச, ஞன்னு 18 மெய் வரிசையில மட்டும் நகர்த்துங்க. உயிர்க்குறியும் புள்ளியும் அப்படியே இருக்கட்டும். ஒண்ணு நகர்த்தினா ‘மரம்’ங்கிறது ‘யலய்’னு ஆகும். தெருவுல நின்னு அவிழ்க்கிறவங்களுக்கு அஞ்சாறு எழுத்து போதும்.

கைவரைபடம்:

படிக்கட்டுப் பிரச்சினைக்குக் காரணம் வரையறை இல்லாதது. கீழே தரையோடு ஒட்டிய கல் படியா? மேலே வாசல் தளம் படியா? அதனால்தான் 11, 12, 13 மூன்றுமே வருகின்றன. ‘தரையிலிருந்து ஏறினால், வாசல் தளத்தையும் சேர்த்து, எத்தனை முறை கால் உயர்கிறது?’ என்று கேட்டால் ஒரே விடைதான் வரும். அதைவிட, செதுக்கிய ஆண்டு, கல்வெட்டின் கடைசிச் சொல், கம்பிக் கதவில் திரும்பத் திரும்ப வரும் உருவம் ஆகியவை விவாதத்துக்கு இடம் தராதவை. வலம், இடம் என்று எழுதவே வேண்டாம். சிலையின் வலமா, பார்ப்பவரின் வலமா என்ற குழப்பம் கட்டாயம் வரும். ‘மணிக்கூண்டுக்கு முதுகைக் காட்டி நில்லுங்கள்’ என்று ஒருவரை நிறுத்தி வைத்தபின் திசை சொல்லுங்கள். போன் திசைகாட்டியை நம்ப வேண்டாம், இரும்புக் கதவும் நிறுத்திய காரும் அதை இழுத்துவிடும்.

நான்காவது நிறுத்தத்தில் கட்டாயம் ஒரு சரிபார்ப்பு வையுங்கள். முதல் விடையில் செய்த பிழை கடைசி நிறுத்தத்தில் தெரியவந்தால், எட்டு இடத்தில் எங்கே தவறு என்று தேட யாருக்கும் பொறுமை இருக்காது. ஜியோகேஷிங் (ஜிபிஎஸ் வைத்து ஒளித்த பெட்டிகளைத் தேடும் ஆட்டம்) ஆட்டக்காரர்களிடம் இது பழைய வழக்கம். விடைகள் 20, 7, 5, 9 என்றால் ‘நான்கின் கூட்டல் 41’ என்று கையேட்டில் அச்சிடுங்கள். 7ஐயும் 5ஐயும் இடம் மாற்றி எழுதினாலும் 41தான் வரும், அது இதன் குறை. முதல் விடையை 1ஆல், இரண்டாவதை 2ஆல் என்று வரிசைப்படி பெருக்கிக் கூட்டினால் சரியான வரிசைக்கு 85, மாறிய வரிசைக்கு 87. இந்தப் பெருக்கலை இணையப் பக்கம் செய்யட்டும். நடப்பவர்களுக்குக் கூட்டல் போதும்.

ஜிபிஎஸ்: திறந்தவெளியில் போன் சுமார் 5 மீட்டர் துல்லியம் காட்டும். உயர்ந்த கட்டடங்களுக்கு நடுவே சிக்னல் சுவரில் பட்டுத் திரும்பி வருவதால், இருக்கும் இடத்தைப் பல பத்து மீட்டர் தள்ளிக் காட்டும். பழைய பகுதியின் குறுகிய சந்துகளில் இதுதான் நடக்கும். எனவே ஜிபிஎஸ் திறப்பு வைத்தால் 30 முதல் 40 மீட்டர் ஆரம் விடுங்கள். சந்தில் அதுவும் வேண்டாம், கண்ணால் பார்த்த விடையே திறக்கட்டும். ஆயத்தொலைவை (அட்சரேகை, தீர்க்கரேகை எண்களை) புதிராகத் தருவதென்றால் வடிவத்தைச் சொல்லியே தீர வேண்டும். 40 டிகிரி 30.500 நிமிடம் என்பதை ஒருவர் 40.30500 டிகிரி என்று அடித்தால் 22 கி.மீ.க்கு மேல் தள்ளிப் போய்விடுவார். சரியான தசம வடிவம் 40.50833. தசமத்தில் ஐந்து இலக்கம் தந்தால் வடக்கு-தெற்காக ஒரு மீட்டர் நுட்பம் வரும், நான்கு இலக்கத்துக்கு 11 மீட்டர்.

க்யூஆர் கோட்டைத் தெருவில் ஒட்ட வேண்டாம். அனுமதி வேண்டும், வெயிலில் வெளுக்கும், மேலே வேறு ஒருவர் தன் கோட்டை ஒட்டிப் பணம் பறிக்கும் பக்கத்துக்கு அனுப்பலாம். கையேட்டிலேயே அச்சிடுங்கள்: 25 செ.மீ. தூரத்திலிருந்து படிக்க 2.5 செ.மீ. அகலம், சுற்றிலும் கோட்டின் சிறு கட்டங்கள் நான்கின் அகலத்துக்கு வெள்ளை விளிம்பு. கசங்கினாலும் படிக்கும்படி, 30% வரை சேதம் தாங்கும் உயர் பிழைதிருத்த நிலையைத் தேர்ந்தெடுங்கள்.

புதிர்வழி:

நன்றி. 2.1 கி.மீ., 8 நிறுத்தங்களாகக் குறைத்துவிட்டேன். படிக்கட்டை எடுத்துவிட்டேன். இன்னும் இரண்டு சந்தேகம். சிக்கிக்கொண்டவர்களுக்குக் குறிப்பு எப்படித் தருவது? ஒரு கட்டடத்துக்குச் சாரம் கட்டி மூடிவிட்டால் என்ன செய்வது?

திசைகாட்டி:

குறிப்பு மூன்று படியாக இருக்கட்டும். முதலாவது எங்கே பார்ப்பது, இரண்டாவது எப்படி எண்ணுவது, மூன்றாவது விடையே. இணையப் பக்கத்தில் 3, 6, 10 நிமிடங்களில் ஒவ்வொன்றாகத் திறக்கலாம். கையேட்டில் கடைசிப் பக்கங்களில் தலைகீழாக அச்சிடுங்கள், ஆனால் அடுத்தடுத்த நிறுத்தங்களின் குறிப்புகள் அடுத்தடுத்து வரக்கூடாது. 3ஆவதைத் தேடும் கண் 4ஆவதையும் படித்துவிடும். விடையைப் பார்த்தவர்களுக்குத் தண்டனை நேரம் போடாதீர்கள். ஊரைப் பார்க்கத்தான் வந்திருக்கிறார்கள்.

அடுத்த வெள்ளோட்டத்தில் குழுவுக்குப் பத்து மீட்டர் பின்னால் ஒருவர் வாய் திறக்காமல் நடக்கட்டும். ஒவ்வொரு நிறுத்தத்திலும் வந்த நேரம், கிளம்பிய நேரம், முதலில் எதைப் பார்த்தார்கள் என்று மூன்றை மட்டும் குறித்தால் போதும். மூன்று குழுவில் இரண்டு பத்து நிமிடத்தைத் தாண்டினால் புதிர் கடினம் என்று அர்த்தமில்லை. பெரும்பாலும் தவறான இடத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

கைவரைபடம்:

சாரத்துக்கு: ஒவ்வொரு இடத்திலும் ஒரே விடையைத் தரும் இரண்டு பொருள்கள் கிடைப்பது அரிது. அதனால் ஒரு நிறுத்தத்துக்கு இரண்டு கேள்விகள் எழுதி வையுங்கள், ஒன்று கட்டடத்தில், மற்றது எதிர்ப்பக்கம். கையேட்டில் முதல் கேள்வி, இணையப் பக்கத்தில் ‘இது மறைந்திருக்கிறது’ என்ற பொத்தானுக்குக் கீழே இரண்டாவது. அதையும் பார்க்க முடியாவிட்டால் அடுத்த நிறுத்தத்தின் இடத்தை நேரடியாகச் சொல்லிவிடுங்கள். அந்தப் பொத்தானை யாராவது அழுத்தினால் உங்களுக்கு ஒரு மின்னஞ்சல் வரும்படி அமைத்தால், எந்த இடத்தைப் போய்ப் பார்க்க வேண்டும் என்று அன்றே தெரியும். சுவரொட்டி, விளம்பரப் பலகை, கடைப் பெயர், செடித்தொட்டி ஆகியவற்றில் எந்தக் கேள்வியும் வைக்காதீர்கள். பூட்டும் நேரமுள்ள பூங்கா, முற்றம் வழியாகப் பாதை போனால் அந்த நேரத்தை முதல் பக்கத்தில் போடுங்கள். இருட்டிய பிறகு கல்வெட்டு படிக்க முடியாது, அதனால் ‘சூரியன் மறைவதற்கு இரண்டரை மணி நேரம் முன்பாவது தொடங்குங்கள்’ என்பதும் அதே பக்கத்தில் வரட்டும்.