பிரெஞ்சு மௌனப்படம் ஒன்று: தலைப்புக்குத் தமிழ் வேண்டும்

நண்பர்களே, ஒரு சின்ன உதவி. ஆல்பெர்டோ கவல்காண்டி பாரிஸில் எடுத்த 'ரியான் க லெஸ் ஏர்' (1926) படத்தை வீட்டில் நாலைந்து பேருக்குப் போட்டுக் காட்டப் போகிறேன். முக்கால் மணி நேரந்தான். விடியலிலிருந்து இரவு வரை நகரின் ஒரு நாள், நடுநடுவே கடிகாரம். ஒருவர் இறைச்சி சாப்பிடும்போது அந்தத் தட்டுக்குள்ளேயே மாடு வெட்டுமிடம் தெரியும், அப்பப்பா! இதேபோல் பெர்லின் நகரின் ஒரு நாளைக் காட்டும் ஜெர்மன் இயக்குநர் ரட்மனின் படம் 1927இல்தான் வந்தது. பேசப்படுவது என்னவோ அதுதான்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். தலைப்புக்கு 'மணிநேரங்கள் மட்டுமே' என்று பொருள்; அதை 'மணிகள் மட்டுமே' என்றால் பாசிமணி ஞாபகம் வருகிறது. 'வெறும் பொழுதுகள்' சரிவருமா? அப்புறம், என்னிடமுள்ள பிரதியில் ஆட்கள் ஓட்டமும் நடையுமாகப் போகிறார்கள். குறைந்த வேகத்தில் எடுத்த மௌனப்படத்தை விநாடிக்கு 24 பிரேம் (படச்சட்டம்) வைத்து ஓட்டியதாலா? கணினியில் வேகத்தைக் குறைக்க எளிய வழி தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.