லெ காரே நாவல் கட்டுரை: கொஞ்சம் பார்த்துச் சொல்லுங்கள்

கேள்வி:
ஜான் லெ காரேயின் 'தி ஸ்பை ஹூ கேம் இன் ஃப்ரம் தி கோல்ட்' (1963) என்ற உளவு நாவலைப் பற்றி விக்கிப்பீடியாவுக்கு ஒரு கட்டுரை எழுதி வைத்திருக்கிறேன். கதைச்சுருக்கமே ஆறு பத்தி வந்துவிட்டது. கிழக்கு ஜெர்மன் உளவு அதிகாரி முண்ட் உண்மையில் யாருடைய ஆள் என்பதை அதில் சொல்லலாமா? இனிமேல் படிக்கப்போகிறவர்கள் திட்டுவார்களோ என்று பயம்.

மறுமொழி 1:
தாராளமாகச் சொல்லுங்கள். இது கலைக்களஞ்சியம், புத்தகத்தின் பின்னட்டை இல்லை. அதை மறைத்தால் கதாநாயகனான பிரிட்டிஷ் உளவாளி லீமஸ் எதற்காக ஏமாற்றப்பட்டான் என்பதே விளங்காது. ஆனால் ஆறு பத்தியை மூன்றாக்குங்கள். மிச்ச இடத்தில் பின்னணி வரட்டும். பெர்லின் சுவர் எழுந்தது 1961 ஆகஸ்டில். ஆசிரியர் அந்தக் காலத்தில் மேற்கு ஜெர்மனியின் பான் நகர பிரிட்டிஷ் தூதரகத்தில் வேலை பார்த்த உளவுத்துறை ஆள். டேவிட் கார்ன்வெல் என்ற சொந்தப் பெயரில் எழுத முடியாததும் அதனால்தான். இதில் ஒரு வரிகூட உங்கள் கட்டுரையில் இல்லையே!

மறுமொழி 2:
கதாபாத்திரங்களில் 'நேன் பெர்ரி' என்று போட்டிருக்கிறீர்கள். அது 1965இல் வந்த படத்தில் வைத்த பெயர். நாவலில் லீமஸின் காதலியான அவள் பெயர் லிஸ் கோல்ட். படத்தைப் பார்த்துவிட்டு எழுதினீர்களா? அப்புறம், "உலகின் தலைசிறந்த உளவு நாவல்" என்று யார் சொன்னது? சொன்னவர் பெயரைப் போடுங்கள், இல்லையென்றால் எடுத்துவிடுங்கள்.

கேட்டவர்:
சரி, மாட்டிக்கொண்டேன். புத்தகம் படித்தது காலேஜில். மனதில் நின்றது என்னவோ படத்தில் லீமஸாக நடித்த ரிச்சர்ட் பர்ட்டன் முகம்தான். இன்று ராத்திரியே லிஸ்ஸைத் திரும்பக் கொண்டுவந்துவிடுகிறேன்.