காலையில் மட்டும் 'லைசென்ஸ் செல்லாது' என்கிறது டிசைன் சாப்ட்வேர்

சிம்மக்கல் டிசைனர்:
பிளக்ஸ் டிசைன் கடை வைத்திருக்கிறேன். விண்டோஸ் 10, காசு கொடுத்து வாங்கிய சாப்ட்வேர். காலையில் கடை திறந்ததும் 'லைசென்ஸைச் சரிபார்க்க முடியவில்லை' என்று நின்றுவிடுகிறது. நெட் பிரச்சினை இல்லை, போனில் வாட்ஸ்அப் ஓடுகிறது. பக்கத்துக் கடைப் பையன் வந்து ஏதோ தட்டினால் அன்றைக்கு ஓடும், மறுநாள் பழைய கதை. இப்போது காதுகுத்து பிளக்ஸுக்குப் பார்ட்டி வாசலிலேயே உட்கார்ந்திருக்கிறார்.

தெற்குவாசல்காரன்:
அழித்துவிட்டு மறுபடி இன்ஸ்டால் பண்ணுங்கள் தம்பி.

போர்டு டாக்டர்:
அது வேண்டாம். கணக்கிலிருந்து வெளியேறாமல் அழித்தால், சில சாப்ட்வேர் பழைய இன்ஸ்டாலையும் சேர்த்து எண்ணிக்கொள்ளும். அப்புறம் அது வேறு தலைவலி. திரையில் தேதி என்ன காட்டுகிறது? ராத்திரி மெயினை அணைப்பீர்களா?

சிம்மக்கல் டிசைனர்:
அணைத்துவிட்டுத்தான் ஷட்டரை இறக்குவோம் அண்ணே. தேதி 2015 ஜனவரி 1!

போர்டு டாக்டர்:
அதுதான் விஷயம். லைசென்ஸுக்குத் தொடங்கும் நாளும் முடியும் நாளும் உண்டு. 2015-இல் நிற்கும் கணினிக்கு அது இன்னும் பிறக்காத பிள்ளை. லைசென்ஸைச் சரிபார்க்கும் சர்வரின் பாதுகாப்புச் சான்றிதழுக்கும் அதே கணக்கு. போனுக்குத் தனிக் கடிகாரம், அதை வைத்து முடிவு கட்டாதீர்கள்.

பிளக்கில் கரண்ட் இருக்கும்வரை மதர்போர்டு கடிகாரம் அதிலேயே ஓடும். மெயினை அணைத்தால் 3 வோல்ட் பட்டன் பேட்டரிதான் கதி. அது தீர்ந்துபோயிருக்கிறது. இப்போதைக்குத் தேதியைக் கையால் திருத்துங்கள். 15 மணி நேரத்துக்கு மேல் வித்தியாசம் இருந்தால் விண்டோஸ் வழக்கமாகத் தானாகத் திருத்தாது. நேர மண்டலம் +5:30 தானா என்றும் பாருங்கள்.

சிம்மக்கல் டிசைனர்:
திறந்துவிட்டது அண்ணே! அந்தப் பையனும் இதைத்தான் தட்டியிருக்கிறான், வாயைத் திறந்து சொன்னால் என்னவாம். பேட்டரிக்கு எங்கே போவது?

போர்டு டாக்டர்:
வாட்ச் கடையிலேயே கிடைக்கும். சிஆர்2032 என்று கேளுங்கள். சிஆர்2025-ஐத் தள்ளிவிடப் பார்ப்பார்கள். அது மெல்லியது, சரியாகப் பிடிக்காது. கழற்றுமுன் பயாஸ் (கணினி தொடங்கும்போது முதலில் ஓடும் அடிப்படை மென்பொருள்) செட்டிங்கைப் போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள், பிளக்கையும் பிடுங்கிவிடுங்கள்.

திருமங்கலம் போட்டோஷாப்:
எனக்குத் தேதி சரியாகவே இருக்கிறது, ஆனாலும் அதே பிழை. பழைய கணினி, முன்பு வைத்திருந்தவர் காசு கொடுக்காமல் பூட்டை உடைத்து, அதாவது கிராக் போட்டு ஓட்டியவர்.

போர்டு டாக்டர்:
அப்படியானால் ஹோஸ்ட்ஸ் கோப்பைப் பாருங்கள். எந்தப் பெயருக்கு எந்த முகவரி என்று கணினி பார்க்கும் பட்டியல் அது. விண்டோஸ், சிஸ்டம்32, டிரைவர்ஸ், இடிசி என்று உள்ளே போனால் இருக்கும். கிராக் போடுகிறவர்கள் லைசென்ஸ் சர்வரின் பெயரை அதில் 127.0.0.1, அதாவது இதே கணினியின் முகவரி, என்று எழுதி அடைத்துவிடுவார்கள். நோட்பேடை அட்மினாகத் திறந்து அந்த வரிகளை மட்டும் நீக்குங்கள்.