டென்மார்க்கின் ஊமைப்பட நடிகை ஆஸ்டா நீல்சன்: கண்ணை விட்டுப் போகாத ஒரே காட்சி எது?

ஊமைப்பட_ரசிகன்
'ஆஃப்குருண்டன்' (படுகுழி, 1910). கௌச்சோ (தென் அமெரிக்க மாட்டுக்காரர்) நடனம். கயிற்றை வீசி, ருடால்ஃபாக வரும் நடிகர் போல் ரைமர்ட்டைக் கட்டிப்போட்டுவிட்டு அவர்மேல் உரசி உரசிச் சுற்றுகிறார். கேமரா மேடைக்கு எதிரில் இல்லை, பக்கவாட்டில் நிற்கிறது. வேறு யாருக்காகவோ நடக்கும் ஆட்டத்தை நாம் ஒளிந்து நின்று பார்க்கிற மாதிரி ஆகிவிடுகிறது. அத்தனை அசைவிலும் முகம் மட்டும் இறுகிக் கிடக்கிறது. அதுதான் உறுத்துகிறது.

மூன்றாம்மணி
எல்லாரும் அந்த நடனத்திலேயே நின்றுவிடுகிறீர்கள். கடைசிக் காட்சியைப் பாருங்கள். ருடால்ஃபைக் கொன்றுவிட்டுப் போலீஸோடு போகிறார். அன்றைய வழக்கப்படி மாரில் அடித்துக்கொண்டு மயங்கி விழுந்திருக்க வேண்டும். இவர் வெறித்த கண்ணோடு நடந்து போகிறார், அவ்வளவுதான்.

இத்தனைக்கும் சுமார் 8,000 குரோனர் பட்ஜெட், எட்டே நாள் படப்பிடிப்பு. நாடகக் கம்பெனிகள் நல்ல வேடம் தரவில்லை, திறமையை அவர்களுக்குக் காட்ட வேண்டும் என்றுதான் அவரும் இயக்குநர் உர்பன் காடும் படத்தையே எடுத்தார்கள். 1910 செப்டம்பர் 12 அன்று கோபன்ஹேகன் கோஸ்மோராமா தியேட்டரில் வெளியீடு. ஆஸ்டாவுக்கு 29 வயது முடிந்த மறுநாள். படம் ஓடியது. ஆனாலும் கூப்பிட்டது நாடகக்காரர்கள் இல்லை, ஜெர்மனி. எழுபதுக்கு மேற்பட்ட படங்களில் டென்மார்க்கில் எடுத்தவை நாலே நாலு.

பதினாறு_பிரேம்
"அத்தனை அசைவு" என்று முதல் பதிவில் இருக்கிறது. எந்த வேகத்தில் ஓடிய பிரதி அது? நடனம் துள்ளலாகத் தெரிந்தால் பிரதியில்தான் கோளாறு, அவர் மெதுவாகத்தான் ஆடுகிறார்.

35 மி.மீ. ஃபிலிமில் ஒரு மீட்டருக்கு 52 பிரேம் சொச்சம். ஆயிரம் மீட்டர் சுருள் நொடிக்கு 16 பிரேமில் ஓடினால் ஏறக்குறைய 55 நிமிஷம், 24இல் ஓடினால் 36 நிமிஷம். மூன்றில் ஒரு பங்கு நேரம் காணாமல் போகும். இவர் நடிப்பின் உயிரான இடைவெளிகளும் கூடவே போகும்.

சரிசெய்ய: முதலில் பிளேயரில் ஒவ்வொரு பிரேமாக நகர்த்துங்கள். ஒரே பிரேம் அங்கங்கே இரண்டு தடவை வந்தால், ஃபிலிமை டிஜிட்டலாக மாற்றும்போதே வேகத்தைச் சரிசெய்துவிட்டார்கள் என்று அர்த்தம்; கை வைக்காதீர்கள், வைத்தால் தண்ணீருக்குள் நடப்பதுபோல் இழுக்கும். எல்லாப் பிரேமும் வேறுவேறாக இருந்து, ஃபைல் நொடிக்கு 25 பிரேம் என்றால் வேகத்தை 0.65க்கு இறக்குங்கள். சற்று மந்தமாகத் தோன்றினால் 0.72 வையுங்கள், அது 18 பிரேம் கணக்கு. கேமராவின் கைப்பிடியைக் கையால் சுற்றி எடுத்த காலம், ஒரே படத்திலேயே வேகம் மாறும். எனவே நடனத்தை வைத்து அளக்காதீர்கள். தெருவில் சும்மா நடந்து போகிறவர்களை வைத்து அளவெடுங்கள். பின்னணி இசை சேர்த்த பிரதியில் இசையும் இழுபடும், ஒலியை அணைத்துவிடுங்கள்.

ஹொரேஷியோவின்_கை
கேட்டது காட்சி, கிடைத்தது பாடம் :)

என் தேர்வு 'ஹாம்லெட்' (1921), ஷேக்ஸ்பியர் நாடகக் கதை, ஆஸ்டாவின் சொந்தக் கம்பெனிப் படம், ஹாம்லெட்டாக அவரே. ராஜா போரில் இறந்தார் என்ற செய்தி வந்ததும், பிறந்த பெண்குழந்தையை ஆண் என்று அறிவித்துவிடுகிறாள் ராணி. ராஜா உயிரோடு திரும்புகிறார், பொய் மட்டும் அப்படியே நிலைத்துவிடுகிறது. கடைசியில் செத்துக் கிடக்கும் ஹாம்லெட்டின் மார்பில் நண்பன் ஹொரேஷியோவின் கை படுகிறது. அந்தக் கை திடுக்கிட்டு நிற்கிற ஒரு கணம்! ஹாம்லெட்டைப் பெண்ணாக்கியது படக்காரர்களின் சொந்தக் கற்பனை என்று சிலர் எழுதுகிறார்கள், தப்பு. எட்வர்ட் வைனிங் என்ற அமெரிக்கர் ஹாம்லெட் பெண்தான் என்று 1881லேயே புத்தகம் போட்டுவிட்டார். ஆஸ்டா பிறந்த வருஷமும் அதுதான்.

மூன்றாம்மணி
"குரல் சரியில்லை, அதனால் பேசும்படத்தில் தோற்றார்" என்று யாராவது தொடங்குவதற்குள் சொல்லிவிடுகிறேன். பேசும்படம் ஒன்றே ஒன்று, 1932இல். ஆனால் அவர் நாடகப் பள்ளியில் பயின்றவர், மேடையில் பேசிப் பழகிய குரல். அதற்குப் பிறகும் மேடையில் நடித்தார்.

எழுத்தைப் பற்றி யாருமே பேசவில்லையே. 'பத்தாவது கலைத்தேவி' என்ற தன்வரலாறு 1945–46இல் இரண்டு பாகமாக வந்தது. முப்பத்தைந்து வருஷம் கழித்து எழுதியது, அதில் வரும் உரையாடல்களை அப்படியே சாட்சியாக எடுத்துக்கொள்ளாதீர்கள். தேதிகளைத் தனியே சரிபாருங்கள். 1968இல் தன்னைப் பற்றிய ஆவணப்படத்தையும் தானே இயக்கினார், 87ஐத் தொடும் வயதில். இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள், எதைச் சொல்லாமல் விட்டார் என்பது பிடிபடும்.

ஊமைப்பட_ரசிகன்
@பதினாறு_பிரேம் பிரேம் எதுவும் இரண்டு தடவை வரவில்லை. 0.65இல் நடனம் நீள்கிறது, முகம் இன்னும் இறுகுகிறது.